பெயர் வெட்டிய ஜாடி

(மிச்சிகன் மாநிலம், ஆன் ஆர்பர் நகரம். அக்டோபர் மாதத்து ஒரு சனிக்கிழமை. மகள் வீட்டு வாசலில் நாற்காலி போட்டு வேதாசலம் உட்கார்ந்திருக்கிறார். கணக்கு வேலையில் இருந்து ஓய்வு பெற்றவர். சரோஜா திருச்சியிலிருந்து சுமந்து வந்த டவரா டம்ளரில் காபி கொண்டுவந்து கொடுக்கிறார்.)

சரோஜா: ஏங்க, தெரு முழுக்க மஞ்சள் சட்டையாகப் போகிறார்களே. சமயபுரத்துக்கு நடைப்பயணம் போகிற மாதிரி இருக்கிறது. இந்த ஊரில் எந்த அம்மனுக்கு வேண்டுதல்?

வேதாசலம்: அம்மனும் இல்லை, வேண்டுதலும் இல்லை. இன்றைக்குக் கல்லூரி ஃபுட்பால் ஆட்டம். நம் ஊர்க் கால்பந்து இல்லை, பந்தைக் கையில் கட்டிக்கொண்டு ஓடுகிற அமெரிக்க ஆட்டம். மினசோட்டாக்காரர்கள் வந்திருக்கிறார்கள். ஜெயிக்கிறவர்களுக்கு ஜாடி.

சரோஜா: ஜாடியா? தங்கமா, வெள்ளியா?

வேதாசலம்: சுட்ட மண். ஊறுகாய் ஜாடிதான், வாய் மட்டும் குறுகல். 1903ல் 30 சென்ட் கொடுத்து வாங்கியது.

சரோஜா: முப்பது சென்ட் ஜாடிக்கா ஒரு லட்சம் பேர் போகிறார்கள்?

வேதாசலம்: கதையைக் கேள். அந்தக் காலத்தில் இந்த மிச்சிகன் கல்லூரிக்கு ஃபீல்டிங் யோஸ்ட் என்று ஒரு பயிற்சியாளர். 1901ல் வந்து சேர்ந்தார். வந்ததிலிருந்து 1905 கடைசி ஆட்டம் வரைக்கும் தோல்வி என்பதே கிடையாது. 56 ஆட்டம்!

சரோஜா: அடேயப்பா. நம் அணி எதுவுமே நாலு ஆட்டத்துக்கு மேல் தாங்காதே.

வேதாசலம்: 1903ஆம் வருஷக் கணக்கை மட்டும் எடுத்துக்கொள். 12 ஆட்டம். 11 வெற்றி, ஒன்று டிரா. வரவு 565 புள்ளி. செலவு 6.

சரோஜா: ஆறுதானா? வருஷம் முழுக்கவா?

வேதாசலம்: முழுக்க. என் முப்பது வருஷ சர்வீசில் இப்படி ஒரு பேரேடு பார்த்ததில்லை. அந்த ஆறும் ஒரே நாளில், ஒரே இடத்தில் போனது. அக்டோபர் 31, மினியாபோலிஸ். மினசோட்டாவோடு.

சரோஜா: இதில் ஜாடி எங்கே வந்தது?

வேதாசலம்: யோஸ்டுக்கு ஒரு சந்தேகம். எதிராளி ஊர், எதிராளி தண்ணீர். நம் பிள்ளைகள் குடிக்கிற தண்ணீரில் எதையாவது கலந்துவிட்டால்?

சரோஜா: ரொம்பச் சரி. எங்கள் அப்பா ரயில் ஏறினால் கூஜா இல்லாமல் ஏற மாட்டார். விழுப்புரத்தில் குழாய் இருந்தாலும் தொட விடமாட்டார்.

வேதாசலம்: அதேதான். டாமி ராபர்ட்ஸ் என்று மாணவர் மேலாளர். அவரைக் கடைக்கு அனுப்பி வாங்கி வரச் சொன்னார். ஐந்து காலன் பிடிக்கும், நம் கணக்கில் 19 லிட்டர்.

சரோஜா: ஓ, இவர்தான் கூஜா தூக்கியா?

வேதாசலம்: உண்மையான பொருளில். நானும் அலுவலகத்தில் எத்தனையோ கூஜா தூக்கிகளைப் பார்த்திருக்கிறேன். ஒருத்தர் கையிலும் கூஜா இருந்ததில்லை.

சரோஜா: அப்புறம்?

வேதாசலம்: அப்புறம் ஆட்டம். அப்போதெல்லாம் பந்தை முன்னால் வீசக்கூடாது. அந்த அனுமதி 1906ல்தான் வந்தது. அதுவரைக்கும் பந்தைக் கட்டிக்கொண்டு மொத்தமாக முட்டித் தள்ளுவதுதான்.

சரோஜா: பாமாயில் வருகிற நாளில் ரேஷன் கடை.

வேதாசலம்: அதைவிட மோசம். மினசோட்டாவின் பயிற்சியாளர் ஹென்றி வில்லியம்ஸ் ஒரு டாக்டர்.

சரோஜா: நல்லதுதான். அடிபட்டால் அங்கேயே கட்டுப் போட்டுவிடலாம்.

வேதாசலம்: மிச்சிகனில் வில்லி ஹெஸ்டன் என்று ஒரு ஓட்டக்காரர். பிடிக்கவே முடியாது. அவரை அடைக்க டாக்டர் தடுப்பு வரிசையையே மாற்றி அமைத்துவிட்டார். முதல் பாதியில் யாருக்கும் ஒன்றும் இல்லை. இரண்டாம் பாதியில் மிச்சிகன் பந்தோடு எல்லைக் கோட்டைத் தாண்டியது. அந்தக் காலத்தில் அதற்கு ஐந்து புள்ளி. அப்புறம் கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் இன்னொன்று. ஆக ஆறு.

சரோஜா: நம் ஆட்கள் ஆறு.

வேதாசலம்: 'நம் ஆட்கள்' ஆகிவிட்டார்களா அதற்குள்?

சரோஜா: மகள் வரி கட்டுகிற ஊர் இல்லையா? சொல்லுங்கள்.

வேதாசலம்: ஆட்டம் முடியப் போகிற நேரத்தில் மினசோட்டாவும் கோட்டைத் தாண்டிவிட்டது. ஐந்து. இனி அந்த ஒரு உதை. உதைத்தவர் எட் ரோஜர்ஸ், அவர்கள் அணித்தலைவர். ஒஜிப்வே பழங்குடியைச் சேர்ந்தவர். சட்டம் படித்து வழக்கறிஞராகவும் ஆனார்.

சரோஜா: போட்டுவிட்டாரா?

வேதாசலம்: போட்டுவிட்டார். ஆறுக்கு ஆறு. அவ்வளவுதான், ஊரே மைதானத்துக்குள் இறங்கிவிட்டது. இன்னும் நேரம் பாக்கி இருக்கிறது, ஆனால் ஆட இடம் இல்லை. சமம் என்று சொல்லி முடித்துக்கொண்டார்கள்.

சரோஜா: அந்தக் கூட்டத்தில் ஜாடியை விட்டுவிட்டார்கள்.

வேதாசலம்: எப்படித் தெரியும்?

சரோஜா: கல்யாண மண்டபத்தில் எத்தனை பாத்திரத்தை விட்டுவிட்டு வந்திருக்கிறேன்! மாப்பிள்ளை அழைப்புக்குக் கூட்டம் நுழைந்தால் யாருக்கு எந்தச் சட்டி என்று எப்படித் தெரியும்?

வேதாசலம்: மறுநாள் ஆஸ்கர் மன்சன் என்கிற ஊழியர் ஜாடியைக் கண்டெடுத்தார். அங்கே விளையாட்டுத் துறையைப் பார்த்துக்கொண்ட எல்.ஜே. குக்கிடம் கொண்டுபோய்க் கொடுத்தார். குக் என்ன செய்தார் தெரியுமா? அதன் மேல் பெயிண்டில் எழுதிவிட்டார். 'மிச்சிகன் ஜாடி. ஆஸ்கர் கைப்பற்றியது.' தேதி வேறு.

சரோஜா: (திடுக்கிட்டு) பெயர் வெட்டிவிட்டார்களா?

வேதாசலம்: வெட்டவில்லை. எழுதினார்கள்.

சரோஜா: ஒன்றுதான். பாத்திரத்தில் பெயர் ஏறிவிட்டால் முடிந்தது. எதிர்வீட்டு அலமேலு என் குண்டானை வாங்கிப் போனாளே, அப்பளம் பொரிக்க என்று. பத்து நாள் கழித்துப் போய்ப் பார்க்கிறேன், அடியில் 'அ.ல.' என்று வெட்டி வைத்திருக்கிறாள்!

வேதாசலம்: அது பதினோரு வருஷத்துக் கதை, சரோஜா.

சரோஜா: இவர்களுக்கு 120 வருஷம் ஆகியும் ஆறவில்லை. எனக்குப் பதினோரு வருஷத்தில் ஆற வேண்டுமா?

வேதாசலம்: கேள், இன்னும் இருக்கிறது. ஜாடியில் ஆட்டக் கணக்கையும் எழுதினார்கள். மினசோட்டா 6, மிச்சிகன் 6. ஆனால் மினசோட்டாவின் ஆறு பூசணிக்காய் அளவு. மிச்சிகனின் ஆறு சுண்டைக்காய் அளவு.

சரோஜா: அட, கெட்டிக்காரத்தனமே! எண் பொய்யில்லை, எழுத்தில் வேலையைக் காட்டிவிட்டார்கள். அலமேலுவுக்குக்கூட இது தோன்றவில்லையே.

வேதாசலம்: கணக்கெழுதிய எனக்கே தோன்றியதில்லை. தொகையை மாற்றினால்தான் தணிக்கையில் பிடிப்பார்கள். அளவை மாற்றினால் எந்தத் தணிக்கையாளர் கேட்பார்?

சரோஜா: யோஸ்ட் திருப்பிக் கேட்கவில்லையா?

வேதாசலம்: கடிதம் எழுதிக் கேட்டாராம். 'வேண்டுமென்றால் வந்து ஜெயித்து எடுத்துக்கொள்' என்று பதில் வந்ததாம். கதையாகத்தான் சொல்கிறார்கள். வேண்டுமென்றே விட்டுவிட்டு வந்தார் என்றுகூடப் பேச்சு உண்டு.

சரோஜா: வேண்டுமென்று யாராவது பாத்திரத்தை விடுவார்களா? ஆம்பிளைகள் சொல்கிற சமாதானம் இது. மறந்துவிட்டு வந்ததை மனைவியிடம் ஒத்துக்கொள்ள முடியவில்லை. நீங்கள் ரயிலில் விட்ட மூன்று குடை மாதிரி.

வேதாசலம்: இரண்டுதான்.

சரோஜா: மூன்று. சரி, ஜாடி திரும்பி வந்ததா இல்லையா?

வேதாசலம்: அதற்கப்புறம் ஆறு வருஷம் இரண்டு அணியும் ஒன்றோடொன்று மோதவே இல்லை. 1909ல்தான் மறுபடி ஆட்டம். மிச்சிகன் அதே ஊருக்குப் போய் 15-6 என்று ஜெயித்து, ஜாடியைத் தூக்கிக்கொண்டு வந்தது.

சரோஜா: அப்பாடா. வந்தது வந்ததாகப் பீரோவில் வைத்துப் பூட்டியிருக்க வேண்டியதுதானே?

வேதாசலம்: 1910லும் ஜெயித்தார்கள். 1919ல் மினசோட்டா 34-7 என்று ஜெயித்து வாங்கிப் போய்விட்டது. அதிலிருந்து போக்கும் வரத்தும்தான். இப்போது அதில் ஒரு பக்கம் இவர்கள் நிறத்தில் 'எம்', இன்னொரு பக்கம் அவர்கள் நிறத்தில் 'எம்'.

சரோஜா: இரண்டு பேருக்கும் ஒரே எழுத்தா? அதுதான் சண்டைக்கே காரணம்! முதலிலேயே ஒழுங்காக இனிஷியலோடு வெட்டியிருந்தால் இவ்வளவு தூரம் வந்திருக்காது. நான் இன்றைக்கே அலமேலுவுக்குப் போன் போடுகிறேன். இங்கே ஒரு லட்சம் பேர் திரள்கிறார்கள், எனக்காகக் கேட்க ஒரு ஆள் இல்லை.

(வேதாசலம் காபியைக் குடித்து முடிக்கிறார். டவராவைக் கவிழ்த்து, கடைசிச் சொட்டை உதறப் போனவர் அப்படியே நிற்கிறார். கண்ணாடியை மூக்கில் சரிசெய்துகொண்டு அடிப்பக்கத்தைப் பார்க்கிறார்.)

வேதாசலம்: சரோஜா.

சரோஜா: என்ன?

வேதாசலம்: இந்த டவராவின் அடியில் 'அ.ல.' என்று இருக்கிறதே.

(சரோஜா டவராவை வெடுக்கென்று பிடுங்கி முந்தானைக்குள் வைத்துக்கொள்கிறார்.)

சரோஜா: அது... நவராத்திரி சுண்டலோடு வந்தது.

வேதாசலம்: சுண்டல் போன பிறகும் டவரா இருக்கிறதே. கடல் தாண்டி வேறு வந்திருக்கிறது.

சரோஜா: அவளுக்கு வேண்டுமென்றால் இங்கே வந்து ஜெயித்து எடுத்துக்கொள்ளட்டும்.