வர்க்கமூலத்துக்கு எதற்கு ஸ்கிரீன்ஷாட்?

திருவல்லிக்கேணி டிடிபி கடைகளில் ப்ளஸ் டூ கணக்கு கைடு லே-அவுட் ஆகும்போது இன்னும் இதே கூத்துதான். வேர்டில் சமன்பாட்டை அடிப்பது, ஸ்கிரீன்ஷாட் எடுப்பது, பக்கத்தில் ஒட்டுவது! 300 பிக்சல் அகலப் படத்தை 3 அங்குலத்துக்கு இழுத்தால் 100 டிபிஐதான் (அங்குலத்துக்கு 100 புள்ளி) மிஞ்சும்; அச்சுக்கு 300-ஆவது வேண்டாமா? அடுக்குக்குறி 2 வெறும் புள்ளியாகிவிடுகிறது, வர்க்கமூலக் கோடு படிக்கட்டு மாதிரி உடைகிறது. போதாக்குறைக்கு திரைக்கான ஆர்ஜிபி நிறத்தில் இருக்கும் கருப்பு அச்சில் நாலு மையாகப் பிரிந்து, அச்சுப் பிளேட் இம்மி நகர்ந்தாலும் கோட்டோரத்தில் மெஜந்தா எட்டிப் பார்க்கிறது. படிக்கிற பிள்ளை மைனஸா ப்ளஸா என்று தவிக்கிறது.

இதற்குக் காசு கொடுத்து சமன்பாட்டு ப்ளக்-இன் வாங்க வேண்டியதே இல்லையே. ஸ்க்ரைபஸ் என்ற லே-அவுட் மென்பொருள் இலவசம்; அதில் ரெண்டர் ஃப்ரேம் (சமன்பாட்டைக் காட்டும் பெட்டி) போட்டு, சமன்பாட்டைக் கட்டளைகளாக அடிக்கும் லேடெக்கில் எழுதினால் போதும். லேடெக்கை இயக்கும் மிக்டெக் தொகுப்பை நிறுவி, பிரிஃபரன்ஸில் எக்ஸ்டர்னல் டூல்ஸ் பகுதியில் அதிலுள்ள பிடிஎஃப்லேடெக் நிரல் இருக்கும் இடத்தைக் காட்டாவிட்டால் ஃப்ரேமில் சமன்பாடு வராது, அவ்வளவுதான்.

அடோபியின் லே-அவுட் மென்பொருள் இன்டிசைன்தான் பழக்கமா? லேடெக்கின் ஸ்டாண்டலோன் கிளாஸில் (பக்கத்தைச் சமன்பாட்டின் அளவுக்கே வெட்டும் அமைப்பு) பிடிஎஃப் எடுத்து, வரிக்குள் ஒட்டி, வரியோடு பொருந்துமாறு பேஸ்லைன் ஷிஃப்ட்டால் இறக்குங்கள். பாடம் 11 பாயிண்ட் என்றால் சமன்பாடும் 11-லேயே உருவாகட்டும். மூலையைப் பிடித்து இழுத்து அளவை மட்டும் மாற்றிவிடாதீர்கள், ஐயா!