ஷான் ஓக்கை அந்த ஒரு வரியோடு விட்டுவிடாதீர்கள்

மட்டையும் சின்னப் பந்தும் வைத்து ஆடும் அயர்லாந்தின் ஹர்லிங் ஆட்டத்தைப் பற்றிப் பேச்சு வந்தால், யாராவது ஒருவர் கார்க் அணிக்கு ஆடிய ஷான் ஓக் ஓ ஹால்பீனைப் பற்றிய அந்த வர்ணனை வரியை எடுத்துவிடுவார். வானொலி வர்ணனையாளர் மீஹால் ஓ முரஹார்ட்டி சொன்னதாகப் புகழ்பெற்றது: அப்பா ஃபெர்மானா, அம்மா ஃபிஜி, ரெண்டுமே ஹர்லிங்குக்குப் பேர்போன ஊர் இல்லை!

எனக்கும் பிடித்த வரிதான். பசிபிக் தீவையும் அயர்லாந்துக்குள்ளேயே இருக்கும் ஒரு மாவட்டத்தையும் ஒரே தராசில் வைக்கிறார் மனுஷன். ஃபெர்மானாவில் கேலிக் கால்பந்துதான் (பந்தைக் கையாலும் பிடித்து ஆடும் அயர்லாந்துக் கால்பந்து) எல்லாம், ஹர்லிங் பெயருக்குத்தான். வெளிநாட்டு அம்மாவைவிட உள்ளூர் அப்பாவுக்குத்தான் அதில் அடி அதிகம்.

ஆனால் அதை மட்டும் பகிர்ந்து பகிர்ந்து, ஒரு பெரிய ஆட்டக்காரரை வேடிக்கைத் துணுக்காக்கிவிட்டோம் என்பது என் வருத்தம்.

அம்மா ஃபிஜியைச் சேர்ந்த ரொட்டுமா தீவுக்காரர். 1988இல் குடும்பம் சிட்னியிலிருந்து கார்க் நகரத்துக்கு வந்தபோது ஷான் ஓக்குக்கு 11 வயது. 1999 செப்டம்பரில் கார்க் அணிக்காக ஹர்லிங், கேலிக் கால்பந்து இரண்டிலும் அகில அயர்லாந்து இறுதிப் போட்டி ஆடினார். இரண்டுக்கும் நடுவே இரண்டே வாரம். ஹர்லிங்கில் ஒரு புள்ளியில் வெற்றி, கால்பந்தில் மீத் அணியிடம் தோல்வி. இத்தனைக்கும் இந்த ஆட்டங்களில் சம்பளம் கிடையாது. 2001இல் கார் விபத்தில் முழங்கால் போய், திரும்பி வந்து, 2004இல் ஆண்டின் சிறந்த ஹர்லிங் வீரர் ஆனார். 2005 இறுதிப் போட்டியில் கால்வேயை வென்ற அணிக்கு அவர்தான் கேப்டன். கோப்பையை வாங்கிக்கொண்டு அவர் ஐரிஷ் மொழியில் பேசிய காணொளியைப் பாருங்கள். சிட்னியிலிருந்து வந்த பையன் பள்ளியில் கற்ற மொழி அது. வீட்டில் அயர்லாந்து வம்சாவளி மட்டுமே உள்ள எத்தனையோ கேப்டன்கள் நாலு வாக்கியம் ஐரிஷில் சொல்லிவிட்டு ஆங்கிலத்துக்குத் தாவிவிடுவார்கள்.

இன்னொரு சிக்கல், அவர் தடுப்பாட்டக்காரர். தொகுப்புக் காணொளிகளுக்கு கோல்தான் வேண்டும். டப்ளினின் கேலிக் கால்பந்து வீரர் ஜேசன் ஷெர்லாக்கை எல்லோருக்கும் நினைவிருக்கிறது. அப்பா ஹாங்காங்காரர். 1995இல் 19 வயதுப் பையன், ஷூ கழன்று வெறும் சாக்ஸோடு லீஷ் அணிக்கு எதிராக கோல் அடித்தார். அந்தக் கோல் இன்றும் சுற்றுகிறது. அவரே பிற்பாடு மனம்திறந்து சொன்ன இனவெறி வசவுகள் எந்தத் தொகுப்பில் இருக்கின்றன? ஒளிபரப்பு மைக் அதற்கெல்லாம் பக்கத்தில் போவதில்லை.

சரி, ஷான் ஓக்குக்கு வருவோம். 2004 இறுதிப் போட்டி கிடைத்தால் முழுசாகப் பாருங்கள். அதற்கு முந்தைய இரண்டு ஆண்டும் கோப்பையைத் தூக்கிய கில்கென்னி, ஒரு கோல்கூட இல்லாமல் வெறும் 9 புள்ளியில் முடங்கியது (குறுக்குக் கம்பத்துக்கு மேலே அடித்தால் ஒரு புள்ளி, வலைக்குள் அடித்தால் கோல், அதற்கு மூன்று புள்ளி). கார்க் 17. பந்து எங்கே போனாலும் போகட்டும், 7ஆம் எண் சட்டையை விட்டுக் கண்ணை எடுக்காதீர்கள்.