ஆஷ்கிராஃப்ட் ஓட்டு வாங்கி ஆடிட்டர் ஆனாரா?

அமெரிக்காவின் முன்னாள் அட்டர்னி ஜெனரல் (அரசின் தலைமைச் சட்ட அதிகாரி) ஜான் ஆஷ்கிராஃப்ட், கணக்காளராக இருந்து, மிசோரி மாநில மக்களின் ஓட்டில், அரசுக் கணக்குகளைத் தணிக்கை செய்யும் மாநில ஆடிட்டராகி மேலே வந்தவர் என்று ஒரு பதிவு பகிரப்படுகிறது. இரண்டுமே தவறு.

மிசோரியில் ஆடிட்டர் பதவிக்குத் தேர்தல் உண்டு. 1970இல் அப்படி ஜெயித்தவர் கிட் பாண்ட். அவர் 1972 தேர்தலில் ஆளுநராகிவிட, ஆடிட்டர் நாற்காலி காலியானது. அந்த 1972இலேயே, அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் ஒரு சீட்டுக்கு வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் கட்சித் தேர்தலில் தோற்றிருந்த ஆஷ்கிராஃப்டை 1973இல் அந்த ஆடிட்டர் நாற்காலியில் உட்கார வைத்தவர் பாண்ட்தான். அதாவது, நியமனம்.

சரி, அடுத்த வருஷம் மக்களிடம் போனாரே? போனார், தோற்றார். எதிரே நின்ற ஜார்ஜ் லெர் தொழில்முறைக் கணக்காளர். ‘கணக்குப் படிக்காதவருக்கு எதற்கு ஆடிட்டர் வேலை?’ என்பதே அவர் தரப்பு வாதம். ஆஷ்கிராஃப்ட் படித்தது சட்டம். வாதம் எடுபட்டது, குறைந்த வித்தியாசத்தில்தான் என்றாலும்.

அப்புறம் மிசோரி மாநில அட்டர்னி ஜெனரல் அலுவலகத்தில் உதவி அட்டர்னி ஜெனரல் வேலை. 1976இல் மாநில அட்டர்னி ஜெனரல் பதவிக்கே நின்று ஜெயித்தார். ஆளுநர், செனட்டர் எல்லாம் அதற்குப் பிறகு. மாநில அளவில் அவர் ஓட்டு வாங்கி ஜெயித்த முதல் பதவி அட்டர்னி ஜெனரல்தான், ஆடிட்டர் இல்லை.