ஓட்டுப் போட்டது யாரு?

அந்தப் போட்டோவை இன்னும் பார்க்காதவர்கள் என் நட்புப் பட்டியலில் இருக்க வாய்ப்பில்லை. மூன்று நாளாக எல்லார் சுவரிலும் அதுதான். ஒரு ஆலையில் புதிதாக அமைத்த ஒர்க்ஸ் கமிட்டி, அதாவது தொழிலாளர் பிரதிநிதிகளும் நிர்வாகமும் சேர்ந்து உட்கார்ந்து பேசும் குழு. பன்னிரண்டு பேர் வரிசையாக நிற்கிறார்கள். தோளில் பொன்னாடை, கையில் ஆளுக்கொரு செடித்தொட்டி. பின்னால் ஃப்ளெக்ஸ்: 'நிர்வாகத்தில் தொழிலாளர் பங்கேற்பு'. நடுவில் ஆலையின் தலைமை அதிகாரி, பிளான்ட் ஹெட், கல்யாண மாப்பிள்ளை மாதிரி.

நானும் பார்த்தேன். கீழே நான்கே வார்த்தை எழுதினேன். "இவங்களுக்கு ஓட்டுப் போட்டது யாரு?"

திட்டவில்லை. கம்பெனியின் பெயரைக்கூட எழுதவில்லை. ஒரு கேள்வி, அவ்வளவுதான். அதற்கு வந்த பதில்களை நீங்களே படித்திருப்பீர்கள். 'நல்லது நடந்தா பொறுக்காது', 'உன்ன மாதிரி ஆளுங்களாலதான் கம்பெனியெல்லாம் ஆந்திராவுக்குப் போகுது', 'உண்டியல் குலுக்கி'. ஒருவர் என் புரொஃபைல் படத்தை எடுத்து அதில் செங்கொடி வரைந்து போட்டிருந்தார். நன்றாகவே வரைந்திருந்தார், அது வேறு விஷயம். இத்தனை பேர் வந்து இத்தனை எழுதினார்களே, ஒருவராவது 'இந்தத் தேதியில் தேர்தல் நடந்தது, இத்தனை பேர் ஓட்டுப் போட்டார்கள்' என்று எழுதினாரா? இல்லை. கேட்டது அது ஒன்றுதான்.

சரி, கொஞ்சம் சட்டம் பேசலாம். 'முகநூல் வக்கீல்' என்று ஏற்கெனவே பட்டம் கொடுத்துவிட்டீர்கள், கொடுத்த பட்டத்துக்கு வேலை செய்ய வேண்டாமா?

ஒர்க்ஸ் கமிட்டி என்பது அந்த பிளான்ட் ஹெட் கண்டுபிடித்த புதுமை இல்லை. 1947-ஆம் வருடத்துத் தொழில் தகராறு சட்டத்தின் மூன்றாம் பிரிவிலேயே இருந்தது. நூறு பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் அரசு உத்தரவிட்டால் அமைக்க வேண்டும். தொழிலாளர் பிரதிநிதிகளின் எண்ணிக்கை நிர்வாகத்தின் ஆட்களைவிடக் குறையக்கூடாது. பதிவான சங்கம் இருந்தால் அதைக் கலந்துகொண்டு தொழிலாளர்களிலிருந்து தேர்ந்தெடுக்க வேண்டும். 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கும் புதிய தொழில் உறவுச் சட்டத்திலும் இதே கமிட்டி இருக்கிறது, அதிலும் மூன்றாம் பிரிவுதான். நிர்வாகம் தன் ஆட்களை நியமித்துக்கொள்ளலாம், அது அவர்கள் உரிமை. தொழிலாளியின் ஆளையும் சேர்த்து நிர்வாகமே பொறுக்கி எடுத்தால் அதற்குப் பெயர் என்ன? இரண்டு பக்கமும் ஒரே ஆள் உட்கார்ந்து ஆடுகிற தாயம்.

'யார் உட்கார்ந்தால் என்ன, பேசுகிறார்களே' என்று ஒரு நண்பர் பொறுமையாகவே கேட்டிருந்தார். அவருக்காக என் சொந்தக் கதை.

அம்பத்தூரில் ஒரு பிரஸ் ஷாப்பில், அதாவது இரும்புத் தகட்டை மிஷினில் அழுத்திப் பாகம் செய்கிற பட்டறையில், பதினோரு வருடம் இருந்தேன். பெயர் வேண்டாம், அந்த இடத்தில் இப்போது கல்யாண மண்டபம் நிற்கிறது. பவர் பிரஸ்ஸில் இரண்டு பட்டன் இருக்கும். இரண்டு கையாலும் ஒரே நேரத்தில் அழுத்தினால்தான் மேலிருந்து ராம் என்ற கனமான இரும்புத் தலை இறங்கும். எதற்கு? இரண்டு கையும் பட்டனில் இருந்தால் ஒரு கையும் கீழே ராம் அழுத்துகிற டையில் இருக்காது என்பதற்காக. ஆனால் அப்படி ஓட்டினால் டார்கெட் வராது. அதனால் ஒரு பட்டனை ஹேக்ஸா பிளேடுத் துண்டை வைத்து அடைத்துவிடுவார்கள். ஒரு கை பட்டனில், இன்னொரு கை பீஸ் வைக்க. சூப்பர்வைசருக்குத் தெரியும், மானேஜருக்குத் தெரியும், பத்து மணிக்கு டீ கொண்டுவரும் பையனுக்கும் தெரியும்.

டைம் ஆபீஸ் வாசலில் ஒரு ஆலோசனைப் பெட்டி தொங்கியது. 2003-இல் இரண்டு சீட்டு எழுதிப் போட்டேன். ஒன்று, ஸ்கிராப் போடும் தொட்டிக்கும் நல்ல பீஸ் போடும் தொட்டிக்கும் வேறு வேறு கலர் அடிக்கலாம் என்பது. இன்னொன்று, ஒரு பட்டனை அடைத்து வைத்தால் மிஷினே ஓடாதபடி எலக்ட்ரீஷியனை வைத்து சர்க்யூட்டை மாற்றலாம் என்பது. முதல் சீட்டுக்கு அந்த மாதத்தின் சிறந்த ஆலோசனை என்று பரிசு, எவர்சில்வர் டிபன் கேரியர். இரண்டாவது சீட்டுக்கு 'பரிசீலனையில் உள்ளது'.

நான்கு மாதம் கழித்து, பக்கத்து மிஷின் அண்ணனுக்கு வலது கையில் இரண்டு விரல் போனது. ஆள்காட்டி விரலும் நடுவிரலும். விசாரணையில் எழுதிய காரணம்: ஆபரேட்டரின் கவனக்குறைவு.

எங்களுக்கும் ஒரு ஒர்க்ஸ் கமிட்டி இருந்தது ஐயா. அதைத்தான் சொல்ல வந்தேன். எங்கள் பிரதிநிதி யார் தெரியுமா? எம்.டி.யின் கார் டிரைவர். தங்கமான மனுஷன், அவர்மேல் எனக்கு இன்றுவரை ஒரு வருத்தமும் இல்லை. அவரிடம் போய் 'அண்ணே, மீட்டிங்கில் இதைப் பேசுங்க' என்றேன். அவர் சொன்னது அப்படியே நினைவிருக்கிறது: "தம்பி, அங்க போனா டீயும் பிஸ்கட்டும் கொடுப்பாங்க. சாப்பிட்டுட்டு கையெழுத்துப் போட்டுட்டு வருவேன். பட்டனைப் பத்திப் பேசினா நாளைக்கு காரை யாரு ஓட்டுறது?" நோட்டீஸ் போர்டில் மினிட்ஸ், அதாவது மீட்டிங் குறிப்பு, ஒட்டினார்கள். 'கேன்டீன் சாம்பாரில் காய் போதவில்லை என்று சுட்டிக்காட்டப்பட்டது. நிர்வாகம் ஏற்றுக்கொண்டது.'

காய் போட்டார்கள், பொய் சொல்லக்கூடாது. அடுத்த வாரமே முருங்கைக்காய் வந்தது.

அந்த டிபன் கேரியர் இன்னும் வீட்டில் இருக்கிறது. மனைவி அதில் ரவை போட்டு வைத்திருக்கிறாள்.

நாங்கள் ஓட்டுப் போட்டிருந்தால் அந்த அண்ணனின் விரல் தப்பியிருக்குமா என்று கேட்டால், சத்தியம் பண்ணமாட்டேன். ஆனால் நாங்கள் தேர்ந்தெடுத்த ஆளாக இருந்தால் பட்டனைப் பற்றி ஒரு வார்த்தை பேசாமல் திரும்பி வந்திருக்க முடியாது. வந்தால் அடுத்த தடவை ஓட்டு விழாது. தேர்தலால் கிடைப்பது அந்த பயம்தான். இப்போது பயம் முழுக்க ஒரே பக்கம் இருக்கிறது.

'அது பழைய காலம், இப்போது எல்லாம் மாறிவிட்டது' என்பவர்களுக்கு: 2024-இல் சுங்குவார்சத்திரத்தில் சாம்சங் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்து பந்தலில் உட்கார்ந்தார்களே, அது எந்தக் காலம்? செப்டம்பர் 9-இல் தொடங்கி 37 நாள். முதல் கோரிக்கை சம்பளம்கூட இல்லை, 'எங்கள் சங்கத்தை அங்கீகரியுங்கள்' என்பதுதான். நடுவில், அக்டோபர் 7-ஆம் தேதி என்ன நடந்தது? தொழிலாளர் கமிட்டி என்ற ஒன்றோடு நிர்வாகம் ஒப்பந்தம் போட்டது. மாதம் 5,000 ரூபாய் ஊக்கத்தொகை, அடுத்த மார்ச் வரை. அமைச்சர்களே அறிவித்தார்கள். பந்தலில் இருந்தவர்கள் 'அந்தக் கமிட்டி எங்கள் கமிட்டி இல்லை' என்று சொல்லிவிட்டு இன்னும் ஒரு வாரம் வெயிலில் உட்கார்ந்தார்கள். சங்கத்துக்குப் பதிவு எண் கிடைத்தது 2025 ஜனவரி கடைசியில், அதுவும் உயர் நீதிமன்றம் வரை போன பிறகு. 1926-இலேயே தொழிற்சங்கச் சட்டம் வந்த நாட்டில், சங்கத்தைப் பதிவு செய்யவே கோர்ட் வாசல்.

அந்த 1926 சட்டத்துக்கே நம் ஊரில் ஒரு வேர் இருக்கிறது. 1918-இல் பெரம்பூர்ப் பக்கத்து மில் தொழிலாளர்களை வைத்து சென்னைத் தொழிலாளர் சங்கம் தொடங்கினார்கள். வாடியா தலைவர், திரு.வி.க. துணைத்தலைவர். அந்த மில்லான பக்கிங்ஹாம் அண்ட் கர்னாடிக், சுருக்கமாக பி அண்ட் சி, நிர்வாகம் வாடியாமீது உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டுத் தடையுத்தரவு வாங்கியது. தொழிலாளிக்காகப் பேசினால் கோர்ட்டில் நிறுத்தலாம் என்ற நிலைமை தெரிந்த பிறகுதான், சங்கத்துக்குச் சட்டப் பாதுகாப்பு வேண்டும் என்ற பேச்சே வலுத்தது. 1921-இல் மாதக்கணக்கில் பெரிய வேலைநிறுத்தம், துப்பாக்கிச்சூடு, உயிர்ப்பலி. அதெல்லாம் அடங்கியதும் 1922-இல் அதே மில் ஒரு கமிட்டி அமைத்தது. ஆக, சங்கத்தை உட்காரவைத்துவிட்டுக் கமிட்டியை எழுப்புகிற வித்தை நம் ஊருக்கு நூறு வருடப் பழக்கம். பொன்னாடையும் செடித்தொட்டியும்தான் புதுசு.

இப்போது எதிர்த்தரப்பு வாதங்களுக்கு வருகிறேன். வரிசையாக எல்லாவற்றுக்கும் பதில் சொல்ல எனக்கு நேரமில்லை, இரவு ஷிஃப்ட் இருக்கிறது.

'யூனியன் வந்தால் கம்பெனி ஓடிவிடும்.' நோக்கியா ஸ்ரீபெரும்புதூரில் 2014 நவம்பரில் உற்பத்தியை நிறுத்தியதே, யூனியனாலா? வரித்துறை வழக்கில் ஆலை முடங்கியது, மைக்ரோசாஃப்ட் வாங்கிய சொத்தில் இந்த ஆலை சேரவில்லை, மூடினார்கள். ஆயிரக்கணக்கான பிள்ளைகள் பஸ் ஏறி வீட்டுக்குப் போனார்கள். அந்த முடிவை எடுத்த மேஜையில் ஒரு தொழிலாளியாவது உட்கார்ந்திருந்தாரா? மூடுவதற்குத் தொழிலாளியின் கருத்து தேவையில்லை, மூடிய பிறகு பழி மட்டும் அவன் தலையில்.

'தொழிலாளிக்கு நிர்வாகம் பற்றி என்ன தெரியும்?' இதைக் கேட்பவர்கள்தான் காலையில் ஜெர்மன் கார் படம் போட்டு 'இன்ஜினியரிங்டா' என்று எழுதுகிறார்கள். ஜெர்மனியில் 1976-ஆம் வருடச் சட்டப்படி, இரண்டாயிரம் பேருக்கு மேல் இருக்கிற கம்பெனியின் மேற்பார்வைக் குழுவில் பாதி நாற்காலி தொழிலாளர் தரப்புக்கு. சமமாக ஓட்டுப் பிரிந்தால் தலைவருக்கு இரண்டாவது ஓட்டு உண்டு, தலைவர் பெரும்பாலும் முதலாளி பக்கத்து ஆள்தான். அதையும் மறைக்கவில்லை. இருந்தாலும் பாதி நாற்காலி. ஒரகடத்தில் ஆலை வைத்திருக்கும் ஜெர்மன் கம்பெனியின் தாய்வீட்டில் அதுதான் வழக்கம். அங்கே மூடிப்போகவில்லையே?

'நம் ஆட்கள் ஒழுங்கில்லை, வேலையே செய்யமாட்டார்கள்.' கலிஃபோர்னியாவில் ஃப்ரீமாண்ட் என்ற ஊரில் ஜெனரல் மோட்டார்ஸ் ஆலை ஒன்று இருந்தது. இதே பேச்சுத்தான் அந்தத் தொழிலாளிகளைப் பற்றியும்: வேலைக்கு வரமாட்டான், குடிப்பான், சண்டை போடுவான். 1982-இல் மூடினார்கள். 1984-இல் டொயோட்டாவோடு கூட்டு வைத்து அதே ஆலையைத் திறந்தபோது பெரும்பாலும் பழைய ஆட்களையே எடுத்தார்கள், அதே சங்கம். உற்பத்தி லைனுக்கு மேலே ஒரு கயிறு கட்டினார்கள். தப்பு தெரிந்தால் எந்தத் தொழிலாளியும் இழுக்கலாம், லைனே நிற்கும். ஆட்கள் மாறவில்லை, தரம் மாறியது. எங்கள் ஷாப்பில் அப்படி ஒரு கயிறு இருந்தால் முதல் நாளே இழுத்திருப்பேன். இரண்டாம் நாள் எனக்கு மெமோ வந்திருக்கும்.

அப்புறம், கொலை. 2009-இல் கோவையில் ஒரு மனிதவள அதிகாரி தாக்கப்பட்டு இறந்தார். 2012-இல் மானேசரில் இன்னொருவர் தீயில் இறந்தார். இதை எடுத்துச் சொன்னவருக்கு என்னிடம் சாமர்த்தியமான பதில் இல்லை. அது தப்பு. 'ஆனால்' போட்டு நான் அந்த வாக்கியத்தை நீட்டப்போவதில்லை. அதற்காக என்னைப் பார்த்து 'நாளைக்கு நீயும் அடிப்பாய்' என்று எழுதினீர்களே, அது வலித்தது. பதினோரு வருடத்தில் ஒரு ஸ்பேனரைக்கூட கோபத்தில் தூக்கி எறிந்தவன் இல்லை நான்.

ஒரு விஷயத்தில் மட்டும் நான் தோற்றுப்போனேன், ஒத்துக்கொள்கிறேன். 'தேர்தல் வைத்தாலும் யார் ஓட்டுப் போடுவார்கள்? பாதிப்பேர் கான்ட்ராக்ட், மீதி டிரெய்னி' என்று ஒரு தம்பி கேட்டிருந்தார். உண்மை. அரசியல் சட்டத்தில் 43ஏ என்று ஒரு பிரிவு, நிர்வாகத்தில் தொழிலாளர் பங்கேற்பை அரசு உறுதிசெய்ய வேண்டும் என்கிறது. சேர்த்தது எப்போது? 1976, நெருக்கடி நிலைக் காலம். வெளியே வேலைநிறுத்தம் பண்ணினால் உள்ளே தள்ளுவார்கள், புத்தகத்தில் பங்கேற்பு எழுதுவார்கள்! 1990-இல் ராஜ்யசபாவில் ஒரு மசோதாவும் கொண்டுவந்தார்கள், சட்டமாக ஆகவேயில்லை. அதற்குள் தொழிலாளி என்ற ஆளே ரெஜிஸ்டரிலிருந்து கரைந்துகொண்டிருக்கிறான். ஒரே லைனில் நான்கு கலர் சட்டை. நிரந்தரத் தொழிலாளிக்கு ஒன்று, கான்ட்ராக்டுக்கு ஒன்று, டிரெய்னிக்கு ஒன்று, அப்ரன்டிஸுக்கு ஒன்று. செய்கிற வேலை ஒன்றுதான். நான் அன்று ஸ்கிராப் தொட்டிக்குத்தான் கலர் அடிக்கச் சொன்னேன்.

கடைசியாக, 'கமெண்டை அழித்துவிட்டு ஓடிவிட்டார் வீரர்' என்று நேற்றிலிருந்து ஸ்கிரீன்ஷாட் சுற்றுகிறதே, அதற்கும் சொல்லிவிடுகிறேன்.

ஆமாம், அழித்தேன். பயந்துதான் அழித்தேன், எனக்காக இல்லை. என் அக்கா பையன் அந்தப் பக்கத்தில்தான் ஒரு ஆலையில் டிரெய்னி. அந்தப் போட்டோவில் இருக்கும் கம்பெனி இல்லை, வேறு. ஆனால் அந்த வட்டாரத்து ஹெச்.ஆர்.கள் எல்லாரும் ஒரே வாட்ஸப் குழுவில் இருக்கிறார்களாம். என் கமெண்டு அங்கே போய், என் பக்கத்தைத் திறந்து பார்த்து, பொங்கலன்று நாங்கள் எடுத்த குடும்பப் போட்டோவில் இவன் முகத்தை ஒருவர் அடையாளம் கண்டுவிட்டார். ஷிஃப்ட் முடிந்ததும் கூப்பிட்டு, 'உங்க மாமா நல்லா எழுதுறாரே' என்றாராம். அவ்வளவுதான் சொன்னார். மிரட்டவில்லை, சிரித்துக்கொண்டேதான் சொன்னார்.

பையன் ராத்திரி பதினொன்றரைக்கு போன் பண்ணினான். "மாமா, கன்ஃபர்மேஷனுக்கு இன்னும் மூணு மாசம்தான் இருக்கு. அதை எடுத்துடுங்களேன்."

எடுத்துவிட்டேன். குடும்பப் போட்டோவையும் எடுத்துவிட்டேன்.

இந்தப் பதிவைப் போடலாமா என்று இன்று காலையில் அவனிடம் கேட்டேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், 'ஊர் பேர் போடாதீங்க, எந்த டிபார்ட்மென்ட்னு போடாதீங்க' என்றான். போடவில்லை. வைப்பதற்கு முன்னால் அவனாகவே ஒன்று சொன்னான். அவன் கம்பெனியிலும் அடுத்த வாரம் கமிட்டி அமைக்கிறார்களாம். 'யாரெல்லாம்?' என்றேன். பேர் எல்லாம் ஏற்கெனவே போர்டில் ஒட்டியாகிவிட்டது என்றான்.