கொலைகாரன் யாரென்று எழுதுகிறவருக்கே தெரியாது

க்ரைம் தொடர் தொடங்குகிற புதுக்கைகள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் வழுக்கி விழுகிறார்கள். முதல் அத்தியாயம் அமர்க்களமாக இருக்கும். நள்ளிரவு, மழை, நாய் ஊளை, 'வீல்' என்று ஓர் அலறல். உள்பக்கம் தாழ்ப்பாள், ஜன்னலில் கம்பி, நடுவில் பிணம். 'தொடரும்' போட்டுவிட்டு லைக் எண்ணப் போய்விடுவார். கொன்றவன் எப்படி வெளியேறினான்? நாலாம் அத்தியாயத்தில் பார்த்துக்கலாம்!

நாலாம் அத்தியாயத்தில் அந்த அறைக்குள் மாட்டிக்கொள்வது அவர்தான். உடனே இரட்டைப் பிறவித் தம்பி ஒருவன் பம்பாயிலிருந்து வந்திறங்குவான். அவனும் கிடைக்காவிட்டால் எல்லாம் கனவு.

பூட்டிய அறையை முடிவிலிருந்துதான் கட்ட முடியும். உதாரணத்துக்கு, கதவு பூட்டியே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். முதலில் ஓடிவந்தவன் கைப்பிடியை ஆட்டி, "உள்ளே தாழ்ப்பா போட்டிருக்கு" என்கிறான். அவனே தோளால் இடித்துத் திறக்கிறான். வேறு யாரும் கதவைத் தொடவில்லை. கொலைகாரன் அவன்தான். இதை முடிவு செய்த பிறகு முதல் அத்தியாயத்தில் ஒரே ஒரு வரி போதும்: உடைத்த கதவின் தாழ்ப்பாள் வளையாமல் நேராக இருந்தது. அதைப் பத்தியின் கடைசியில் வைத்தால் வாசகர் பிடித்துவிடுவார். கவிழ்ந்த காபி டம்ளருக்கும் ஓடிக்கொண்டிருந்த ஃபேனுக்கும் நடுவில் செருகுங்கள். கமெண்டில் ஒருவர் சரியாக ஊகித்துவிட்டால் வீம்புக்குக் கொலைகாரனை மாற்றாதீர்கள். போட்ட தடயமெல்லாம் அந்தரத்தில் தொங்கும்.

விவரங்களில் நடக்கும் கூத்து தனி. ரிவால்வரில் சுட்டதும் காலித் தோட்டா 'டிங்' என்று தரையில் விழுகிறது. விழாது, அது சிலிண்டருக்குள்ளேயே இருக்கும். தானாக வெளியே தள்ளுவது பிஸ்டல். கர்சீப்பில் ரெண்டு சொட்டு குளோரோஃபார்ம் வைத்ததும் ஆள் சாய்கிறார். நிஜத்தில் சில நிமிடங்கள் விடாமல் அழுத்திப் பிடிக்க வேண்டும், அதற்குள் அவர் தெருவையே கூட்டியிருப்பார். இன்ஸ்பெக்டர் பிணத்தைப் பார்த்த மாத்திரத்தில் "இறந்தது 11.42-க்கு" என்கிறார். போஸ்ட்மார்ட்டம் செய்கிற டாக்டரே இத்தனை மணியிலிருந்து இத்தனை மணிக்குள் என்றுதான் சொல்வார். அதுவும் நம்ம ஊர் வெயிலில் உடல் சீக்கிரம் விறைத்துச் சீக்கிரமே தளர்ந்துவிடும்.

அப்புறம் அந்த 302, பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் கொலைக்கான பிரிவு. கொலை 2024 ஜூலை 1-க்குப் பிறகு நடந்தால், அதற்குப் பதிலாக வந்த புதுச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 103-ஆம் பிரிவு. ஏட்டையா டீக்கடையில் பழக்கதோஷத்தில் "இது 302 சார்" என்று சொல்லட்டும், அழகாகவே இருக்கும். எஃப்.ஐ.ஆரில் எழுத வைத்துவிடாதீர்கள்.