பென் அடிமை வைத்திருந்தார். சரி, அப்புறம்?

சனிக்கிழமை வாசகர் கூட்டத்தில் நடந்தது இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். மீதிப் பேருக்கு அந்த வீடியோ துண்டு வாட்ஸ்அப்பில் வந்திருக்கும். பென்சில்வேனியாவை நிறுவி, மதச் சுதந்திரம் பற்றி எழுதிய வில்லியம் பென் பற்றி நான் பேசிக்கொண்டிருக்கும்போதே நண்பர் எழுந்து, "அடிமை வச்சிருந்த ஆளுக்கு என்னங்க மதச் சுதந்திரம்?" என்றார். ஒரே கைதட்டல். விசில்தான் பாக்கி.

ஆமாம், வைத்திருந்தார். பென்ஸ்பரி பண்ணையில் கறுப்பின அடிமைகள் உழைத்தார்கள். என் குறிப்பில் அது மூன்றாம் பக்கத்தில் இருந்தது. நண்பருக்கு அதுவரை பொறுக்க முடியவில்லை.

நான் கேட்பது ஒன்றுதான். அதனால் அவர் எழுதியது பொய்யாகிவிடுமா?

1670-இல் லண்டன் கிரேஸ்சர்ச் தெருவில் குவேக்கர்களின் (அரசுத் திருச்சபையில் சேராத, எந்த மனிதனுக்கும் தொப்பி கழற்றாத கிறிஸ்தவப் பிரிவினர், பென்னும் அவர்களில் ஒருவர்) கூடத்தைப் பூட்டிவிட்டார்கள். பென் தெருவில் நின்று பேசினார். வயது 25. தொப்பியில்லாமல் நீதிமன்றத்துக்கு வந்தவர் தலையில் தொப்பியை வைக்க வைத்ததும் நீதிபதிகள்தான், அதைக் கழற்றவில்லை என்று அபராதம் போட்டதும் அவர்கள்தான். ஜூரிகள், அதாவது தீர்ப்புச் சொல்ல உட்கார்த்தப்பட்ட சாதாரணக் குடிமக்கள், குற்றவாளி என்று சொல்ல மறுத்தார்கள். சோறு, தண்ணீர், கணப்பு எதுவும் இல்லாமல் இரண்டு ராத்திரி பூட்டி வைத்தார்கள். அப்போதும் மசியவில்லை. அவர்களுக்கும் அபராதம், சிறை. எட்வர்ட் புஷல் என்ற ஜூரி கட்ட மறுத்து வழக்காடினார். தீர்ப்புக்காக ஜூரியைத் தண்டிக்கக்கூடாது என்று தலைமை நீதிபதி வாகன் சொன்னது அந்த வழக்கில்தான்.

எனக்கு இது வெறும் வரலாறு இல்லை. இந்த ஊரில் குடியுரிமை வாங்கிய பிறகு என்னையும் ஜூரிக்குக் கூப்பிட்டார்கள். சின்னத் திருட்டு வழக்கு. மத்தியானம் ஆனதும் எல்லோரும் வாட்சைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார்கள். சாட்சி சொன்னதில் எனக்கு மட்டும் சந்தேகம். பார்க்கிங் காசு ஏறுது என்று பக்கத்திலிருந்த அம்மா முறைத்தே தள்ளினார். எனக்கு ஒப்புதல் இல்லை என்றேன். யாரும் என்னைப் பட்டினி போடவில்லை, வான்கோழி சாண்ட்விச் வந்தது. கைதட்டியவர்களில் எத்தனை பேர் வீட்டுக்கு ஜூரி சம்மன் வந்திருக்கிறது? அதைப் பிரிக்கும்போது புஷல் ஞாபகத்துக்கு வந்தாரா?

நியூகேட் சிறையிலிருந்து பென் எழுதிய பிரசுரத்தை ஒருமுறை படியுங்கள். மனசுக்குள் நம்பிக்கொள்ளும் உரிமை மட்டும் போதாது, வெளிப்படையாகக் கூடி வழிபடும் உரிமையும் சேர்ந்ததுதான் மனச்சாட்சிச் சுதந்திரம் என்கிறார். பென்சில்வேனியாவுக்காக எழுதிய 1701 சாசனத்தில் அதையே முதல் பிரிவாக வைத்தார். மற்றவற்றை ஆளுநரும் சபையில் ஏழில் ஆறு பங்கினரும் ஒப்பினால் மாற்றலாம், முதல் பிரிவை மட்டும் என்றைக்கும் தொடக்கூடாது என்று எழுதி வைத்தார். ஃபிலடெல்ஃபியாவில் கத்தோலிக்கர்கள் வெளிப்படையாகத் திருப்பலி நடத்தியபோது இங்கிலாந்துச் சட்டத்தைக் காட்டி ஆளுநர் பிரச்சினையைக் கிளப்பினார். அவர்கள் இந்தச் சாசனத்தைக் காட்டினார்கள். அவர்களுடைய செயின்ட் ஜோசப் ஆலயம் இன்றும் இயங்குகிறது. எழுதியவர் புனிதரா என்று அவர்கள் விசாரித்துக்கொண்டிருக்கவில்லை.

"அந்தச் சாசனத்தில் பதவி கிறிஸ்தவர்களுக்கு மட்டும்தானே, நாத்திகனுக்கு இடமே இல்லையே?" சரிதான், குறைதான். ஆனால் அதற்கு நாற்பது வருஷம் முன்னால் பாஸ்டனில் குவேக்கர் என்ற குற்றத்துக்கு மேரி டையரைத் தூக்கில் போட்டார்கள், அதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். "ரோட் ஐலண்டில் ரோஜர் வில்லியம்ஸ் முன்னாடியே செஞ்சுட்டார்." செய்தார். இதென்ன ஓட்டப் பந்தயமா?

பென்னைத் திட்ட வேண்டுமானால் ஒழுங்காகத் திட்டுங்கள். 1688-இல் ஃபிலடெல்ஃபியா பக்கத்து ஜெர்மன்டவுனில் நான்கு பேர் அடிமை முறைக்கு எதிராக மனு எழுதினார்கள். குவேக்கர் சபைகள் அதை மேலே மேலே தள்ளி, கடைசியில் கிடப்பில் போட்டன. அடிமை வைத்திருப்பவர் உறுப்பினராக இருக்கக்கூடாது என்று ஃபிலடெல்ஃபியா குவேக்கர்கள் முடிவெடுக்க 1776 ஆனது. 1737-இல் பென்னின் பிள்ளைகள் அங்கிருந்த பூர்வகுடி லெனாபே மக்களின் நிலத்தை ஏமாற்றிப் பிடுங்கினார்கள். இதில் ஒன்றையாவது நண்பர் சொல்லியிருந்தால் நானே எழுந்து கைதட்டியிருப்பேன். அதற்குப் படிக்கணும். ஒற்றை வரிக்கு எதுவும் வேண்டாம்.

"வெள்ளைக்காரனுக்கு வக்காலத்து" என்று இன்பாக்ஸில் வந்தவர்களுக்கு. 2024 ஜனவரியில் ஃபிலடெல்ஃபியாவின் வெல்கம் பார்க்கிலிருந்து பென் சிலையை எடுக்கப்போவதாக அறிவித்துவிட்டு, எதிர்ப்பு வந்ததும் தேசியப் பூங்காத் துறை பின்வாங்கியது. சிலை போனால் போகட்டும் என்று இதே பக்கத்தில் எழுதியவன் நான். அப்போது லைக் போட்டது நீங்கள்தான். எனக்குச் சிலை வேண்டாம், மாலையும் வேண்டாம். எழுத்தைப் படிக்கவாவது விடுங்கள் என்கிறேன்.

நம் ஆட்களுக்கு ஒருவர் தெய்வமாக இருக்கணும், இல்லாவிட்டால் அயோக்கியனாக இருக்கணும். நடுவில் நின்று பேசுகிறவனுக்கு மைக் கிடையாது. அவர் எழுந்ததுகூட எனக்குப் பெரிதில்லை. என் வீட்டில் உட்கார்ந்து இதே பிரசுரத்தைப் பற்றி ராத்திரி வரை பேசிவிட்டுப் போனவர்கள், முன்வரிசையில் உட்கார்ந்து சிரித்தார்கள் பாருங்கள், அதுதான்.

அடுத்த கூட்டத்தில் ரோஜர் வில்லியம்ஸ் பற்றி நான் பேசுவதாக அழைப்பிதழில் போட்டிருக்கிறார்களாம். என்னைக் கேட்கவில்லை. நான் வரவில்லை, பெயரை எடுத்துவிடுங்கள். கைதட்டியவர்களில் யாராவது பேசட்டும்.