உமர் கய்யாம் வெறும் மதுக்கவிஞரா?

பாரசீகக் கவிஞர் உமர் கய்யாமை மதுவும் மங்கையும் பாடியவர் என்பதோடு முடித்துவிட்டது நான் படித்த ஒரு கட்டுரை. அந்தப் பிம்பம் பெரும்பாலும் 1859-இல் ஆங்கிலக் கவிஞர் ஃபிட்ஸ்ஜெரால்டு அவர் பாடல்களுக்குச் செய்த ஆங்கில ஆக்கத்தால் வந்தது. நம் கவிமணியும் அதன் வழியாகத்தான் தமிழாக்கினார். கய்யாமின் காலத்தவருக்கு அவர் முதலில் கணிதர், வானியலாளர். முப்படிச் சமன்பாடுகளை (x³ வரும் சமன்பாடுகள்) கூம்பு வெட்டுகளால், அதாவது கூம்பை வெட்டினால் கிடைக்கும் வளைகோடுகளால், தீர்த்தவர். அன்று பாரசீகத்தை ஆண்ட மாலிக்ஷா சுல்தானுக்காக 1079-இல் நாட்காட்டியைத் திருத்திய குழுவில் இருந்தவர். பாட்டெல்லாம் அப்புறம்தான்.

சரி, எனக்குப் பிடித்தது வேறு. தன் கல்லறை மேல் மரங்கள் பூச்சொரியும் என்று கய்யாம் ஒருமுறை சொன்னாராம். அதைக் கேட்டிருந்த பாரசீக எழுத்தாளர் நிஜாமி அரூஸி, கய்யாம் இறந்து சில ஆண்டுகள் கழித்து அவர் ஊரான நிஷாபூர் போனார். தோட்டச் சுவருக்கு மேலாகப் பேரி, பீச் மரங்கள் எட்டிப் பார்க்க, கல்லறையே தெரியாதபடி பூவிதழ்கள் மூடிக் கிடந்தனவாம். அங்கேயே அழுதுவிட்டதாக எழுதியிருக்கிறார்.